நீலம் போன பிறகு

விசாரணைக் கமிட்டி கூடியாயிற்று, உன்னைக் கூப்பிடுவதற்குள் இதைக் கொன்று முடித்துவிடு என்று ஆய்வு வழிகாட்டி குலசேகரன் சார் சொல்லிவிட்டுப் போனதிலிருந்து மங்கையர்க்கரசி அந்தக் குடுவையின் வயிற்றையே பார்த்துக்கொண்டு நிற்கிறாள். கொல்வது என்றுதான் இங்கே சொல்லுவார்கள். ஆராய்ச்சிக்குச் சேர்ந்த புதிதில் அவளுக்குச் சிரிப்பாகத்தான் இருந்தது, வெள்ளைக் கோட்டை மாட்டிக்கொண்டு இன்னைக்கு நீங்க கொல்றீங்களா நான் கொல்லட்டுமா என்று காபியா டீயா மாதிரி கேட்டுக்கொள்கிறார்களே என்று. கொல்ல வேண்டியது சோடியத்தை. கரைப்பானில் ஒட்டிக்கொண்டிருக்கும் கடைசித் தண்ணீரையும் பிடுங்கி எடுப்பதற்காக அதில் சோடியத் துண்டுகளைப் போட்டுக் கொதிக்கவிடுவார்கள். மாதக்கணக்கில் கொதித்துக் கொதித்துக் குடுவைக்குள் கசடு கட்டிப்போனால் சும்மா கழுவி ஊற்றிவிட முடியாது. உள்ளே மிச்சம் கிடக்கும் உலோகம் தண்ணீரைக் கண்டால் வெறி பிடித்தாற்போல எரியும். ஆகையால் அது சாகும்வரை ஆல்கஹாலைச் சொட்டுச் சொட்டாக விட வேண்டும். விட்டாள். ஒரு சொட்டு. நீலம் அசைந்தது. அந்த நீலத்துக்குப் பெயர் கீட்டைல். கசங்கிய பூ மாதிரி மணக்கும் பென்சோபீனோன் என்ற வெள்ளைத் தூளை ஒரு சிட்டிகை உள்ளே போட்டிருப்பார்கள். அதில் கார்பனும் ஆக்சிஜனும் இரண்டு கையையும் கோத்துக்கொண்டு நிற்கும், சோடியம் ஓர் எலக்ட்ரானைத் தூக்கி அதன் மேல் எறியும், ஒரு கை அவிழும், ஜோடியில்லாத எலக்ட்ரானைச் சுமந்துகொண்டு ஆத்திரத்தில் நீலம் பாரித்து நிற்கும் அந்த உருவம்தான் கீட்டைல். தண்ணீர் பட்டால் செத்துவிடும், காற்றுப் பட்டாலும் செத்துவிடும். ஆகவே நீலம் நின்றால் உள்ளே தண்ணீரும் இல்லை, காற்றும் இல்லை. அந்தச் சொல் சொல்வது இவ்வளவுதான். நீலம் நின்றால். நீலம் போனால் என்ன என்று அந்தச் சொல் எதுவுமே சொல்லவில்லையே, அது சொல்லாததை அதன் வாயில் திணித்தது யார், இதைக் கேட்பேன், உள்ளே போனதும் முதலில் இதைத்தான் கேட்பேன், மேடம், ஐயா, உங்களில் யாருக்காவது கீட்டைல் என்றால் என்னவென்று தெரியுமா, தெரியாமல் எப்படி விசாரிக்கிறீர்கள், என்று. இன்னொரு சொட்டு. கையுறைக்குள் கை வேர்த்து வழுக்கியது.

தெரியாதுதான். கமிட்டியில் ஒருவர் வணிகவியல், ஒருவர் நிர்வாகம், ஹெலன் மேடம் தாவரவியல். இலைக்கு நரம்பு எத்தனை என்று கேட்டால் சொல்லுவார். குலசேகரன் சாருக்கு அதுதான் வசதி. தெரியாதவர்களிடம் ஒரு சொல்லை எடுத்து வைத்தால் அதைச் சுற்றி மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டு மரியாதையாக உட்கார்ந்துவிடுவார்கள். வியாழக்கிழமையும் அவர் இந்தச் சொல்லைத்தான் எடுத்தார். டெல்லியிலிருந்து ஆட்கள் வருகிறார்கள், பழைய குடுவைகளெல்லாம் கண்ணில் படக்கூடாது, இப்போதே கொல்லு என்று சபூராவிடம் சொன்னார். சபூரா உதவியாளராகச் சேர்ந்தே ஒரு பருவம்தான் ஆகிறது, சார் சொன்னால் ஓடுகிற பெண். இதோ இதே ஹூட்டுக்கு முன்னால்தான், புகையை உறிஞ்சுகிற இந்தக் கண்ணாடிக் கூண்டுக்கு முன்னால்தான் நின்றாள், இப்போது கரி படிந்திருக்கிற அதன் பக்கத்துத் தடுப்பில். பாதிகூட முடியவில்லை. அவர் வாசலில் வந்து நின்றார். உள்ளேகூட வரவில்லை, ஒரு கால் வராந்தாவில், கையில் போன், காதில் வைக்காமல் வாயருகே பிடித்துக்கொண்டு. "இன்னுமா?" "சார், அடியில ஏதோ கட்டி மாதிரி கெடக்கு சார்." "நீலம் போயிடுச்சுல்ல?" "போயிடுச்சு சார், ஆனா..." "கீட்டைல் இல்லேன்னா சோடியமும் இல்ல. பேசிக் கெமிஸ்ட்ரி. தண்ணிய ஊத்திட்டு வா, இலை போட்டாச்சு." இலை போட்டாச்சு என்று சொன்னார். டெல்லிக்காரர்களுக்கு விருந்து. மங்கை தராசுக்கு முன்னால் உட்கார்ந்து தூள் நிறுத்துக்கொண்டிருந்தாள். தராசின் எண்கள் நடுங்கி நடுங்கி நிற்கப் போகிற நேரம், ஏ சபூரா ஊத்தாத என்று கத்தினாள், சபூரா திரும்பினாள், அவ்வளவுதான்.

அவ்வளவுதான் என்றால் எவ்வளவு? இங்கேதான் மாட்டிக்கொள்கிறது, தினமும் இங்கேதான், பல் தேய்க்கும்போது, பஸ்ஸில் கம்பியைப் பிடிக்கும்போது. கத்தியதால் திரும்பினாளா, திரும்பியதால் கண் தப்பியதா, அல்லது கத்தியதால் கை நடுங்கி, கொஞ்சமாக விட வேண்டியது மொத்தமாகக் கவிழ்ந்ததா? முதலில் சத்தம் வரவில்லை, முதலில் ஒரு வெளிச்சம், அப்புறம் காது அடைத்தது, அப்புறம் கண்ணாடி. கண்ணாடி மழையாகப் பெய்யும் என்று அதுவரை அவளுக்குத் தெரியாது. சபூராவின் முக்காடு எரிந்தது. நைலான். அது வெறுமனே எரியாது, உருகும், உருகிக் கன்னத்தோடு ஒட்டும். பிடுங்கினால் தோலும் கூட வரும், பிடுங்காதே பிடுங்காதே என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டே மங்கை தன் கோட்டால் அவளைப் போர்த்தி அமுக்கியபோது உள்ளேயிருந்து வந்த சத்தம் மனுஷக் குரலாக இல்லை. அக்கா என்றுதான் கத்தினாள். அது அக்கா என்று புரிய இரண்டு நாள் ஆயிற்று. குலசேகரன் சார் எங்கே நின்றார்? வராந்தாக் கோடிப் படிக்கட்டில். அத்தனை தூரம் எப்போது போனார் இந்த மனுஷன்? ஊற்று என்று சொல்லிவிட்டு வாசலிலேயே நின்றவர் வெடிக்கும்போது எப்படிப் படிக்கட்டில் இருந்தார்? இப்போது புனலிலிருந்து அடுத்த சொட்டு விழுந்தது. குடுவைக்குள் சர்ரென்று ஒரு சிறு சீற்றம். நீலம் கலைந்து அழுக்குப் பச்சையானது, பச்சை பழுப்பானது. ஆச்சு, நீலம் போச்சு. கீட்டைல் செத்தது. இப்போது பாருங்கள் என்று யாரையாவது கூப்பிட்டுக் காட்ட வேண்டும்போல அவளுக்குப் பரபரத்தது. இதோ, நிறம் இல்லை, இதோ, அடியில் பழுப்பு ஓடு கட்டிக்கொண்டு புளியங்கொட்டை அளவில் கிடக்கிறது பார், அதன் விளிம்பிலிருந்து குமிழி ஏறுகிறது பார். செத்ததற்கு எதற்கு மூச்சு?

சாத்தூரில் அவள் சித்தி பேச்சியம்மாளுக்கு இதே மாதிரி ஒரு சொல்தான் எமனாக வந்தது. உராய்வு. பட்டாசு ஆலையில் மருந்து கலக்கும் அறை, வெடிமருந்தைத்தான் அங்கே மருந்து என்பார்கள், வெயில் ஏறிய பிறகு கலக்கக்கூடாது என்று சட்டம், தீபாவளி ஆர்டர் நிற்கிறது கலக்கு என்று போர்மேன். பள்ளிக்கூடத்தில் பரீட்சை எழுதிக்கொண்டிருந்தாள் மங்கை, ஜன்னல் கண்ணாடி அதிர்ந்தது, டீச்சர் முதற்கொண்டு எல்லோரும் ஒரே திசையில் திரும்பினார்கள். அந்த ஊரில் சத்தம் வந்தால் யாரும் என்ன என்று கேட்பதில்லை, எந்தப் பக்கம் என்றுதான் கேட்பார்கள். வேலியோரம் முள்மரத்தில் ஒரு சேலைத் துண்டு தொங்கியது, சித்தியுடையதா பக்கத்து அறைக்காரியுடையதா என்று அம்மா அதை முகர்ந்து பார்த்தாள். முகர்ந்து! நாயைப் போல. அப்புறம் ஜீப்பில் வந்தார்கள், பார்த்தார்கள், எழுதிக்கொண்டார்கள், தொழிலாளியின் கவனக்குறைவால் ஏற்பட்ட உராய்வு. போர்மேன் எங்கே உராய்ந்தான், ஆலைக்காரன் எங்கே உராய்ந்தான், வெயில் எங்கே, ஆர்டர் எங்கே, எல்லாம் அந்த ஒரு சொல்லுக்குள்ளே போய்ப் படுத்துக்கொண்டது. செத்தவள் எழுந்து வந்து நான் உரசவில்லை என்று சொல்லவா போகிறாள்? வேதியியல் படிக்கிறேன் என்று மங்கை நின்றதே அந்த ஆத்திரத்தில்தான். அந்தச் சொற்களை அவர்கள் வாயிலிருந்து பிடுங்க வேண்டும், அவ்வளவு. பிடுங்கிப் பார்த்தால் உள்ளே என்ன இருக்கிறது என்று காட்ட வேண்டும். பட்டம் வாங்கப் போகிற நேரத்தில் பார்த்தால், மறுபடியும் ஒரு பெண் எரிந்து கிடக்கிறாள், மறுபடியும் ஒரு சொல். வட்டம் போட்டு வந்த இடத்திலேயே கொண்டுவந்து நிறுத்திவிட்டதே. அடி மங்கை, நீ படித்த லட்சணம் இதுதானா?

நேற்று குலசேகரன் சார் தன் அறைக்குக் கூப்பிட்டு உட்காரச் சொன்னார். உட்காரச் சொல்கிற ஆளே இல்லை அவர். "உன் தீசிஸ் சினாப்சிஸ் பார்த்தேன்மா, நல்லா வந்திருக்கு. இந்த வாரமே கையெழுத்துப் போட்டுடலாம்." மின்விசிறி கடகடத்தது. "நாளைக்கு அவங்க கேட்டா, உனக்கு என்ன தெரியுமோ அதைச் சொன்னாப் போதும். நீ தராசுல இருந்த. பம்ப் சத்தமா ஓடிட்டிருந்தது. காதுல என்ன விழுந்திருக்கும்?" "விழுந்தது சார்." "என்ன விழுந்தது?" "இலை போட்டாச்சுன்னு விழுந்தது சார்." அவர் முகம் மாறவில்லை. பேனாவை மூடி வைத்துவிட்டு ரொம்ப அன்பாகச் சொன்னார், "நீ கத்தினதாலதான் அந்தப் பொண்ணு கை பதறிடுச்சுன்னு நான் இதுவரைக்கும் யார்கிட்டயும் சொல்லல. தெரியுமா?" அந்த நிமிஷம் மேசையில் கிடந்த கண்ணாடி உருண்டையை, ஏதோ மாநாட்டில் கொடுத்த நினைவுப் பரிசை, எடுத்து அவர் வாயில் அடித்தால் பல் எந்தப் பக்கம் தெறிக்கும் என்று அவள் கணக்குப் போட்டுக்கொண்டிருந்தாள். அடித்தாள். மனசுக்குள் எத்தனையோ தடவை அடித்தாயிற்று. உதடு கிழிந்து, டை நனைந்து, பேசிக் கெமிஸ்ட்ரி என்று சொல்லுய்யா இப்போ, சொல்லு. கையுறைக்குள் விரல்கள் இறுகியதில் புனலின் குழாய் திரும்பிவிட்டது, நாலைந்து சொட்டு ஒன்றாக விழுந்து குடுவை கொதித்துப் பொங்கியது. ஐயோ. சட்டென்று மூடினாள். நுரை கழுத்துவரை ஏறி, நின்று, மனசில்லாமல் இறங்கியது. இதுதான் ஆத்திரத்தின் கூலி, இன்னும் கொஞ்சம் பொங்கியிருந்தால் ஆஸ்பத்திரியில் சபூராவுக்குப் பக்கத்துக் கட்டில். ஆத்திரத்தையும் சொட்டுச் சொட்டாகத்தான் விட வேண்டும் போலிருக்கிறது. சீ, என்ன புத்தி இது, மேற்கோள் மாதிரி பேசுகிறதே. ஆஸ்பத்திரியில் சபூராவின் உம்மா மங்கையின் கையைப் பிடித்துக்கொண்டு அழவில்லை, சண்டை போட்டாள். "எம் புள்ள முட்டாளாமே? தண்ணியா சாராயமான்னு தெரியாம ஊத்திட்டாளாமே? உங்க சார் வந்து ஆப்பிள் குடுத்துட்டுச் சொல்லிட்டுப் போறாரு. நீயும் அதத்தான் சொல்லப் போறியா?" கட்டுக்குள்ளிருந்து சபூரா, உதடு அசைக்க முடியாமல், "உம்மா, அக்காவ ஏசாத" என்றாள். அப்புறம், "அக்கா, அடியில கட்டி இருந்துச்சுல்ல? நான் பாத்தது நெசந்தானே?" அதைத்தான் கேட்டாள். முகம் சரியாகுமா என்று கேட்கவில்லை, வேலையை விட்டு எடுத்துவிடுவார்களா என்று கேட்கவில்லை. தான் பார்த்தது நிஜமா என்று. பார்த்ததையே சந்தேகப்படும்படி ஒரு பெண்ணை ஆக்கிவிட்டார்களே, தோலை எரித்தது போதாதென்று.

"தாயி, இன்னும் முடியலியா?" முனியசாமி அண்ணன், துறையின் அட்டெண்டர், வாசலுக்கு வெளியே நின்றபடியே எட்டிப் பார்த்தார். வியாழக்கிழமைக்கப்புறம் அவர் இந்த அறைக்குள் கால் வைப்பதில்லை. "செத்துருச்சா?" "இல்லண்ணே, கிடக்கு." "வெள்ளக்காரன் சாமானு, லேசுல சாகாது. உன்னையக் கூப்பிடல, ஹெலன் மேடமே இங்கிட்டு வாராக. அந்தம்மா எடத்தப் பாக்கணும்னு ஒத்தக்கால்ல நிக்கிது. உங்க சாரு வேண்டாம்கிறாரு, அந்தம்மா கேக்கல." பேச்சு முடியுமுன்பே செருப்புச் சத்தம் வந்தது. மங்கை வாசலைப் பார்த்துத் திரும்பினாள். இத்தனை நேரமும் மனசுக்குள் வரிசை கட்டி நின்ற வாதங்களெல்லாம், மேடம் ஐயா என்று தொடங்கிய அத்தனையும், பரீட்சை மணி அடித்ததும் மறந்துபோகிற விடை மாதிரிக் கலைந்தன. உராய்வு என்ற சொல் மட்டும் மிஞ்சியது. அதை வைத்துக்கொண்டு என்ன செய்ய?

ஹெலன் மேடம் குள்ளமாக, பருத்திச் சேலையில், கைப்பையை வயிற்றோடு அணைத்தபடி வந்து நேராகக் குடுவையைப் பார்த்தார். பின்னால் குலசேகரன் சார். "இதுதான் மேடம், இதே மாதிரிதான் அதுவும்," என்றார், ஊர் சுற்றிக் காட்டுகிறவர் குரலில். "பார்த்தீங்கன்னா, ஆரம்பத்துல நல்ல நீலமா இருக்கும். அதுக்குக் கீட்டைல்னு பேரு. சோடியம் இருக்கிறவரைக்கும் அது இருக்கும். அது போயிடுச்சுன்னா சோடியம் முடிஞ்சிடுச்சுன்னு அர்த்தம். அப்புறம் தண்ணி ஊத்தினா ஒண்ணுமே ஆகாது. அன்னைக்கும் நீலம் போயிடுச்சு, நானே பார்த்தேன். அதுக்கப்புறமும் வெடிச்சிருக்குன்னா அந்தப் பொண்ணு புதுச் சோடியத்தை எடுத்து என்னமோ பண்ணியிருக்கணும். சின்னப் பொண்ணு, ஆர்வக் கோளாறு." "காற்றுப் பட்டாலே நீலம் போயிடும் மேடம்," என்றாள் மங்கை. குரல் பிசிறியது. "மூடியைத் திறந்தாலே போதும். உலோகம் போகாது. மேல ஓடு கட்டிக்கிட்டு உள்ள உயிரோட கிடக்கும்." "அது கசடும்மா," என்று சிரித்தார் அவர். "மேடம், ஆராய்ச்சி மாணவி, அதிர்ச்சியில இருக்கா. தராசுப் பக்கம் இருந்தவ, எதையும் சரியாப் பார்க்கல." ஹெலன் மேடம் இரண்டு பேரையும் மாறி மாறிப் பார்த்தார். தெரியாத பாஷையில் சண்டை நடந்தால் பார்க்கிற பார்வை. அவ்வளவுதான், சொல்லுக்குச் சொல், யார் வயசானவரோ அவர் சொல்தான் ஜெயிக்கும். ஜீப் வந்தது, பார்த்தார்கள், போனார்கள். முள்மரத்தில் சேலைத் துண்டு. அக்கா, நான் பாத்தது நெசந்தானே?

மங்கை புனலின் குழாயை இறுக மூடினாள். குடுவையின் வாயிலிருந்து புனலைக் கழற்றினாள். மேசையிலிருந்து வாஷ் பாட்டிலை எடுத்தாள், தண்ணீர் நிறைந்தது, பிளாஸ்டிக் பாட்டில், அமுக்கினால் பீய்ச்சும். ஹூட்டின் கண்ணாடிக் கதவை நெஞ்சளவுக்கு மேலே தள்ளினாள். "மேடம், நீங்க வாசலுக்கு வெளியில நில்லுங்க," என்றாள். குரலில் இப்போது பிசிறில்லை. பாட்டிலைக் குலசேகரன் சாரிடம் நீட்டினாள்.

"நீலம் போயிடுச்சு சார். நீங்களே பார்க்கிறீங்க. ஊத்துங்க."

அவர் பாட்டிலைப் பார்த்தார். "என்னம்மா விளையாட்டு இது?"

"விளையாட்டு இல்ல சார். கீட்டைல் இல்லேன்னா சோடியமும் இல்ல. பேசிக் கெமிஸ்ட்ரி. ஊத்திட்டு வாங்க, மேடம் அறிக்கை எழுதணும்."

வாங்கிவிட்டால்? வாங்கி, வீம்புக்கு ஊற்றிவிட்டால்? கண்ணாடி மழை பெய்யும், அவர் கண்ணாடியும் டையும் உருகி ஒட்டும், என் முகமும்தான் போகும், போகட்டும், என்று அவளுக்குள் ஒன்று ஆசையாகவே சொன்னது, பல்லைக் கடித்துக்கொண்டு காத்திருந்தது. கடைசி நொடியில் பாட்டிலைப் பிடுங்குவோமா, விட்டுவிடுவோமா, அவளுக்கே தெரியவில்லை. தெரியாததுதான் பயமாக இருந்தது. அடியில் அந்தப் புளியங்கொட்டை ஒரு குமிழியை விட்டது. டப்பென்று மெல்லிய ஓசை, அறையே கேட்டது.

குலசேகரன் சாரின் கை பாதிவரை வந்தது. நின்றது. பிறகு அவர் ஓரடி பின்னால் வைத்தார். பிறகு இன்னொன்று. முதுகு மேசையில் இடித்து, விளிம்பிலிருந்த அளவுக் குவளை கீழே விழுந்து உடைந்தது. அந்தச் சத்தத்துக்கு அவர் இரண்டு கையாலும் முகத்தை மூடிக்கொண்டார்.

வாசலில் ஹெலன் மேடம் குடுவையைப் பார்க்கவில்லை. குலசேகரன் சாரின் கால்களைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்.

"நீலம் இல்லையே சார்," என்றார். "பின்ன ஏன் பின்னால போறீங்க?"